கம்முனு

ஒம்போது மணிக்குக் கரண்ட்டு போகும்னு பேப்பர்ல போட்டிருந்தான். ஒம்போது தாண்டிப் போச்சு, கரண்ட்டு போகல. மத்த நாள்ல பாத்தா, எலையில ரசம் ஊத்தறப்பப் புடுங்குவானுக, ரெண்டு தூத்தல் வுழுந்தாப் புடுங்குவானுக, எளவு வூட்டுல ஐஸ்பொட்டிய ஆன் பண்ணுன ஒடனே புடுங்குவானுக. இன்னிக்கு அவனே மாதாந்திரப் பராமரிப்புன்னு கௌரவமாப் பேரு வெச்சு, ஆவாரம்பாளையம், கணபதி, அதன் சுற்றுவட்டாரப் பகுதிகள்னு ஊர் ஊராச் சொல்லிப்போட்டு, ஒருத்தன் நெசமாவே கரண்ட்டு போகோணும்னு வேண்டிக்கிட்டு ஒக்காந்திருக்கற அன்னிக்குப் பாத்து, ஃபேனு என்ன சுத்து சுத்துது. ராக்கியப்பன் அண்ணாந்து ஃபேனப் பாத்தான். வேண்டிக்கிட்டுத்தான் ஒக்காந்திருக்கமா? போகோணும்னா, போகக்கூடாதுன்னா? ரெண்டையும் ஒரே மூச்சுல வேண்டுனா அந்த சாமிதான் என்ன பண்ணும். ஜன்னல் கட்டை மேல கையடக்க ரெக்கார்டரு, பேட்டரி போட்டது, செகப்பு லைட்டு எரியுது. ஜன்னலுக்கு வெளிய, கம்ப நீட்டுனாத் தொட்டுறலாங்கற தூரத்துல, ரெட்டைக் கம்பத்துல டிரான்ஸ்பார்மரு. சாம்பக் கலரு, பக்கவாட்டுல வரி வரியா வெலா எலும்பு, எவனோ தொப்பையத் தள்ளிக்கிட்டுச் சப்பணங்கூட்டி ஒக்காந்து இந்த ரூமையே பாத்துக்கிட்டு இருக்கறாப்பல. கீழ் போர்ஷன்ல சம்பத்தோட லேத்துப் பட்டறை, அது பாட்டுக்குக் கரகரன்னு இரும்பத் தின்னுக்கிட்டு இருக்குது. கரண்ட்டு போறதுக்குள்ள அந்த ஷாஃப்ட்ட முடிச்சுப்போடறனுங்கன்னு சம்பத் காலைலயே சொல்லிட்டான், சொன்ன குரலு இன்னும் இவன் தொண்டையில ஒக்காந்திருக்குது, மூக்குல பாதி, பாக்குல பாதி, வேணும்னா இப்பவே எடுத்து வுடலாம். வுடக்கூடாது. செவுத்துல சாஞ்சு தரையில ஒக்காந்திருந்த மெஹர் ஒதட்டு மேல வெரல வெச்சு இவனப் பாத்தா. கம்முனு இருங்க.

கம்முனுதான் இருந்தான். முட்டி மேல வெரலு தாளம் போட்டுக்கிட்டு இருந்திருக்குது, அது அவனுக்கே தெரியல, மெஹருக்குக் கேட்டிருக்குது. வெரலு துணி மேல தட்டற சத்தம், அங்க அவளுக்குக் கேக்குது. இங்க, கை வெச்சிருக்கறவனுக்குக் கேக்கல. சரி, அது சின்னச் சத்தம், அதையெல்லாம் யாரு கேப்பா. கேக்கறாளே. உக்கடத்துப் புள்ளை, மெஹருன்னிசா, முப்பது வயசு முடியல, ரெண்டு பேரும் சேந்து போடற பாட்டு ஆல்பத்துல குரலு பூரா அவளுது, வார்த்தை பூரா அவளுது, சினிமாக் கோரஸ்ல கும்பலோட நின்னு பாடிக்கிட்டு இருந்ததை வுட்டுப்போட்டு, அண்ணா நாம நம்ம சத்தத்துல ஒண்ணு பண்ணலாமுங்ணான்னு ரெண்டு வருசத்துக்கு முந்தி இந்தப் படி ஏறி வந்தவ. நம்ம சத்தம்னா கோயமுத்தூர்ச் சத்தம். லேத்து, கிரைண்டரு, மோட்டரு, டவுன் பஸ்ஸோட கதவு, கோயில் ரேடியோ செட்டுக்காரன் மைக்க ஊதிப் பாக்கற ஃபூ. அத்தனையும் துண்டு துண்டா வெட்டி, கம்ப்யூட்டருல போட்டு இழுத்து, மடிச்சு, தாளமாக்கியாச்சு. பொட்டியில சேராத சத்தத்த ராக்கியப்பன் வாயிலயே போட்டான். மேடைமேடையா இருவது வருசம் மிமிக்ரி பண்ணுன வாயி, இதென்ன பெரிய சோலியா. அத்தனைக்கும் அடியில ஒரு சுருதி. மத்தவங்க தம்புரா போட்ட எடத்துல இவங்க போட்டது டிரான்ஸ்பார்மரு. ஆரம்பத்துல இருந்து கடைசி வரைக்கும், பாட்டு மாறும், தாளம் மாறும், அடியில அந்த ஒத்தைச் சத்தம் மட்டும் கோடு போட்டாப்பல ஓடிக்கிட்டே இருக்கும். கடைசிப் பாட்டு முடியறப்ப, மெஹரோட ரோசனை இது, அந்தச் சத்தம் டக்குனு நிக்கோணும். கம்ப்யூட்டருல நிறுத்தறதில்ல, நெசமாலுமே நிக்கோணும். "கரண்ட்டு போற அன்னிக்கு ஜன்னல்ல மைக் வெச்சுப் புடிச்சரலாமுங்ணா. ஆல்பம் பூரா கேட்டவனுக்கு அப்பத்தான் தெரியும், இவ்வளவு நேரம் தலைக்குள்ள ஒண்ணு ஓடிக்கிட்டு இருந்துதுன்னு." தலைக்குள்ளன்னுதான் சொன்னா. இவன் பிரமாதம்னான். வேற என்ன சொல்றது? வேண்டாம்னா ஏன்னு கேப்பா. ஏன்னா, அம்மிணி, அது நிக்கலீன்னா?

நின்னாச் சரி. நின்னுருச்சுன்னா அது டிரான்ஸ்பார்மரு. நிக்கலீன்னா அது டிரான்ஸ்பார்மரு இல்ல, அது ராக்கியப்பன். அவ்வளவுதான் கணக்கு, இதுக்குப் போயி எத்தனை மாசமா ஒரு மனுசன் மென்னு முழுங்கறது. ஈஈஈஈ. இப்பவும் இருக்குது, எடது காதுல கொஞ்சம் எச்சா, தூக்கலா. ஒரு மயிரிழைய நெருப்புல காட்டுனாப்பல ஒரு ஈஈஈ. சுருதி போட்ட அன்னிக்கு இவன் ரெக்கார்டு பண்ணவே இல்ல, அதுதான் வெனை. மிமிக்ரிக்காரனுக்கு எதுக்கு ரெக்கார்டரு, கேட்டா வாயில வந்துரும்ல. ஜன்னலோரம் ஒக்காந்து, கண்ண மூடி, காதுல கேட்டத அப்படியே கீபோர்டுல தேடிப் புடிச்சு, தீட்டித் தீட்டி, ரெண்டும் ஒண்ணோட ஒண்ணு ஒட்டி எது எதுன்னு தெரியாமப் போற வரைக்கும் திருகி, இந்தாம்மா டிரான்ஸ்பார்மருன்னு குடுத்தான். மெஹர் ஹெட்போன மாட்டிக் கேட்டா. கழட்டிட்டு ஜன்னலுக்கு வெளிய எட்டிக் கேட்டா. மறுபடியும் மாட்டுனா. "அண்ணா, அது உர்ர்ருனு நாய் அடிவயித்துல உறுமறாப்பல இருக்குதுங்களே. நீங்க போட்டிருக்கறது கொசு மாதர இருக்குது." "அது கீழ் சுதி, எவனுக்கும் கேக்கும். நான் புடிச்சிருக்கறது மேல் சுதி. உனக்கு இன்னும் காது பழகல சாமி." என்ன திமிரு. புள்ளை நம்பிருச்சு. இல்ல, நம்பறதுன்னு முடிவு பண்ணிருச்சு. அதுக்குப் பொறவு ஒரு நாள் அவ இல்லாதப்ப இவனே மைக்க வெச்சு டிரான்ஸ்பார்மரப் புடிச்சுப் பாத்தான். உர்ர்ர்தான் இருந்துது. மைக்கு சரியில்ல. வேற மைக்கு வாங்கியாந்து வெச்சான். உர்ர்ர். ஒயரு சரியில்ல. ஒயர மாத்துனா, உர்ர்ர், கூடவே சம்பத்து காறித் துப்பற சத்தம், அதுகூடத் தெளிவா வுழுந்திருக்குது. ஊருல இருக்கற மைக்குக்கெல்லாம் காது மந்தம்னு வெச்சுக்கிட்டு வூட்டுக்குப் போனான். சோறு திங்கறப்ப ஈஈஈ. ஆவாரம்பாளையத்து டிரான்ஸ்பார்மரு சிங்காநல்லூரு வரைக்குமா கேக்கும்? கேக்கும், காத்து அந்தப் பக்கமா அடிச்சா. வெள்ளகோவிலுக்கு மாமனாரு வூட்டுக் கெடாவெட்டுக்குப் போனான். காட்டுக்குள்ள, சோளத்தட்டுக்கு நடுவுல கயித்துக் கட்டில்ல படுத்தான், சுத்தியும் ஒரு கம்பம் இல்ல. ஈஈஈ. இங்கயும் எங்கயோ ஒண்ண நட்டு வெச்சிருக்கறானுகளாட்டருக்குதுன்னு கவுந்து படுத்துக்கிட்டான். ஊருக்கு ஊரு டிரான்ஸ்பார்மரு, காட்டுக்குக் காடு டிரான்ஸ்பார்மரு, கவர்மெண்ட்டு நல்லாத்தான் வேலை செய்யுது. ஒரே ஒரு காரியம் மட்டும் பண்ணல. காதுல வெரல வெச்சு அடைச்சுப் பாத்தா அந்த நிமிசமே தெரிஞ்சு போயிரும். வெளிய இருக்கற சத்தம்னா கொறையும். உள்ள இருக்கறதுன்னா எச்சாகும். சின்னப் புள்ளைக்குத் தெரியும் இது. தலை துவட்டறப்பக்கூடத் துண்டு காதுப் பக்கம் போகாமப் பாத்துக்கிட்டான். சுகந்தி ஒரு நாளு பாத்துட்டு, "ஏனுங்க, காதுல சீழ் கீழ் வெச்சிருக்குதா? ஆர்.எஸ். புரத்துல டாக்டருகிட்டக் காட்டிட்டு வந்தரலாமுங்களே"ங்கறா. பொண்டாட்டிகளுக்கு எப்படித்தான் மூக்குல வேர்க்குமோ. ஆல்பம் முடியட்டும்னான். ஆல்பம் முடியட்டும், ஆல்பம் முடியட்டும்.

ஃபேனு சுத்துது. மெஹர் கால மாத்திப் போட்டா, கொலுசு இல்லாத காலு, ரெக்கார்டிங்குன்னா வளையலு கழட்டிப் பையில போட்டுட்டுத்தான் படி ஏறுவா. அவ்வளவு பாத்துப் பாத்துப் பண்ற புள்ளை. பெங்களூருக்காரன் இந்த வாரத்துக்குள்ள முடிச்சு அனுப்பச் சொல்லிக் கேட்டிருக்கறான், ஆல்பத்த வெளியிடற கம்பெனி, ப்ரணவ்னு ஒரு பையன், போன்ல பேசறப்பவே தாடி இருக்கறது தெரியும். "ராக்கி ப்ரோ"ம்பான். ராக்கியப்பன்னு எழுதிக் குடுத்தத ராக்கின்னு ஒரு பேரு, அப்பன்னு ஒரு வூட்டுப் பேருன்னு பிரிச்சு வெச்சிருக்கறான். கொல தெய்வம் ராக்கியண்ண சாமி பேருடா அது, கெடா வெட்டலீன்னாக் கோவிச்சுக்கும். "ப்ரோ, ஆல்பம் டைட்டில், கம்மு, அது சூயிங் கம் மாதிரியா ப்ரோ? ஸ்டிக்கி சவுண்ட் அந்த மாதிரி?" இல்லப்பா, கம்முனா கம்முனு இருக்கறது. சத்தமே இல்லாம. "ஓ, சைலன்ஸ்! சூப்பர் ப்ரோ. ஆனா ஆல்பத்துல சைலன்ஸே இல்லியே ப்ரோ." அந்தப் பய அன்னிக்கு ஒண்ணு சரியாக் கேட்டான். அதுதானே அந்த வார்த்தையில இருக்கற சூட்சுமம். சும்மான்னு சொல்லிப் பாரு, வாயி தெறந்தே கெடக்கும். அமைதின்னு சொல்லு, இளிச்சுக்கிட்டு நிக்கும். கம்முனு சொல்லு, கம்ம்ம், ஒதடு ரெண்டும் ஒட்டிக்கும், ஒட்டுனதுக்குப் பொறவும் உள்ள ம்ம்ம்னு ஒண்ணு ஓடிக்கிட்டே இருக்கும். கொங்குக்காரன் எவனோ தெரிஞ்சேதான் வெச்சிருக்கறான், சத்தம் போடாதங்கற வார்த்தைக்குள்ள ஒரு சத்தத்த. வாயச் சாத்துனாலும் நிக்காதது. இதை மேடையில சொன்னாக் கைதட்டு வுழுகும். மேடையில எதைச் சொன்னாலும் வுழுந்துதே. கெழவனாட்டச் சொன்னா, கெழவியாட்டச் சொன்னா, கண்டக்டராட்டச் சொன்னா, அப்பனாட்டச் சொன்னா. வேண்டாம். அப்பன் வேண்டாம் இப்ப. ஃபேனப் பாரு. ஃபேனு எத்தனை ரெக்கை. மூணு. எப்பவும் மூணுதான்.

அப்பன் வந்துட்டாரு. கூப்புட்டாத்தான் வரமாட்டாரு, வேண்டாம்னா வந்துருவாரு, உசுரோட இருந்தப்பவும் அப்படித்தான். தறி ஓடற மில்லுல வேலை. அந்தச் சத்தத்துல ஆறு மாசம் நின்னாலே காது போயிரும், அவரு ஆயுசு பூரா நின்னாரு. மில்லுக்குள்ள பேச்சே கெடையாது, எல்லாம் ஒதட்டப் பாத்துத்தான், அங்க தூரத்துல ஒருத்தன் வாயசைச்சாக் கெட்ட வார்த்தையா நல்ல வார்த்தையான்னு இங்கிருந்து புடிச்சுக்குவாங்க. வூட்டுலயும் அதே. சாப்புட வாங்கன்னு அம்மா அடுப்பப் பாத்துக்கிட்டுச் சொன்னா வரமாட்டாரு, முன்னால வந்து நின்னு சொன்னா வருவாரு. "மூஞ்சியப் பாத்துப் பேசு சாமி." எல்லாருகிட்டயும் இதுதான், மளிகைக் கடைக்காரன், வாத்தியாரு, எதுத்த வூட்டு நாயி. இவன் முதமுதல்ல மேடையேறுன அன்னிக்கு, மில்லுத் தொழிலாளர் குடியிருப்பு மாரியம்மன் நோம்பியில, எடுத்த எடுப்புல அந்த வார்த்தையத்தான் வுட்டான். கழுத்தக் கொஞ்சம் நீட்டி, கண்ணச் சுருக்கி, மூஞ்சியப் பாத்துப் பேசு சாமி. கூட்டம் பொரண்டுருச்சு. எல்லா வூட்டுலயும் அந்த அப்பன் இருந்தாரு, அதான். அப்பறம் அதுக்குன்னு ஒரு அளவு கண்டுபுடிச்சான். வார்த்தைய வுட்டுட்டு ஒரு மூச்சு நிறுத்தோணும், கைதட்டு அந்த மூச்சுக்குள்ள வந்து வுழுகும், ஒரு நாளும் தவறுனதில்ல. முன் வரிசையில அப்பனும் ஒக்காந்திருந்தாரு, அவரும் சிரிச்சாரு, எல்லாரையும்வுட எச்சாவே சிரிச்சாரு. ஆனா ஒரு இழை தள்ளி. பக்கத்துல இருக்கறவன் சிரிக்கறதப் பாத்து, ஓ சிரிக்கற எடமாட்டருக்குதுன்னு சிரிப்பாரு. ஊரு சிரிச்சு ஓய்ஞ்ச பொறவு ஒத்தையா ஒரு ஹா. அதுக்கு வேற ஊரு ஒரு தடவ சிரிக்கும். அந்த ஒரு இழை. வேற யாருக்கும் தெரியாது, நேரத்தையே வெச்சுப் பொழைக்கறவனுக்குத் தெரியாதா. பொறவு மில்ல மூடிட்டாங்க, தறியக் கழட்டி லாரியில ஏத்திட்டாங்க, அந்த எடத்துல அபார்ட்மெண்ட்டு வந்துருச்சு, அப்பனுக்கு மட்டும் ஷிஃப்ட்டு முடியல. கட்டில்ல ஒக்காந்துக்கிட்டு, பகல்ல, நல்லா வெளிச்சத்துல, வூடு கம்முனு இருக்கறப்ப, "அந்தத் தறிய யாராச்சும் நிறுத்துங்கடா"ம்பாரு. எந்தத் தறிங்கப்பா? காட்டுவாரு, வெரல நீட்டி. அங்க ஒரு செவுரு இருக்கும்.

செவுரு. மெஹர் சாஞ்சிருக்கற செவுரு. மெஹரு சிரிக்கறா. எதுக்கு? ஜன்னலுக்கு வெளிய, கம்பத்து மேல, ஒரு காக்கா டிரான்ஸ்பார்மருகிட்ட வந்து தலையச் சாச்சுச் சாச்சுப் பாத்துட்டு, எச்சம் போட்டுட்டுப் பறந்துருச்சு. ஓ. ராக்கியப்பனும் வாய மூடிக்கிட்டுச் சிரிச்சான். மெஹர் சிரிப்ப நிறுத்திட்டு இவனப் பாத்தா, கொஞ்சம் எச்சாவே பாத்தா. போன வாரம் சொன்னா, டீக் கடையில நின்னுக்கிட்டு, "அண்ணா, நீங்க இப்பல்லாம் லேட்டாச் சிரிக்கறீங்க." டீ சூடு நாக்குல பட்டுச் சுரீர்னுது. "உன்ற ஜோக்கு மெதுவா ஏறுதும்மா, என்ன பண்றது"ன்னான். கடைக்காரரு சிரிச்சாரு, மெஹரு சிரிச்சா, பொழைச்சுக்கிட்டான். எத்தனை எடத்துல இப்படி வாயால பொழைக்கறது. ஆல்பம் பூரா அந்த ஈஈஈ ஓடுது. அவ குரலுக்கு அடியில, அவ வார்த்தைக்கு அடியில, அவ உம்மா செத்தப்ப எழுதுன பாட்டு ஒண்ணு இருக்குது, அதுக்கு அடியில. எந்தப் பாட்ட எந்தச் சுதியில பாடறதுன்னு அதை வெச்சுத்தானே முடிவு பண்ணுனோம், அவ தொண்டைக்கு எட்டாத எடத்துல கூட எக்கி எக்கிப் பாடுனாளே, டிரான்ஸ்பார்மரு அங்கதான் நிக்குதுன்னு இவன் சொன்னதுக்காக. ஊரோட சத்தம்னு நெனச்சுப் பாடிட்டா. நாளைக்கு பெங்களூருலயும், அதுக்கு அங்கிட்டும், எவனெவனோ ஹெட்போன மாட்டிக்கிட்டுக் கேப்பான், கோயமுத்தூரு இப்படித்தான் இருக்குமாட்டருக்குதும்பான். அட மடையா, அது கோயமுத்தூரு இல்ல. நின்னாச் சரி. நின்னுருச்சுன்னாப் போதும். ராக்கியண்ண சாமி, கெடா வெட்டறன், ரெண்டு வெட்டறன், அந்தப் ப்ரணவையும் கூட்டியாந்து மொட்டையடிக்கறன். நின்னுருச்சுன்னா இன்னிக்கே வெரல வெச்சுப் பாக்கறன். நின்னுருச்சுன்னா எதுக்கு வெரலு. காதுகிட்டக் கை போச்சு, பாதியில கழுத்தச் சொறிஞ்சுட்டு எறங்கிருச்சு. கீழ சம்பத்து, "அட முடிஞ்சுதுங், இன்னும் ஒரு வெட்டு"ன்னு யாருகிட்டயோ கத்தறான், யாரு இருக்கறா அங்க, லேத்துகிட்டச் சொல்றானா, லேத்து கரகரன்னு பதில் சொல்லுது, ஃபேனு, பக்கத்து வூட்டு மிக்ஸி, தூரத்துல ஏதோ ஒரு டிவியில ஒரு பொம்பள அழுகறா, ஈஈஈ, ஃபேனு, ஈஈஈ, மெஹரு முட்டியக் கட்டிக்கிட்டு ஜன்னலையே பாக்கறா, லேத்து இரும்புல போயி இறங்குது, இன்னும் ஒரு வெட்டு, இன்னும்

போயிருச்சு.

லேத்துதான் மொதல்ல செத்துது, கழுத்தப் புடிச்சாப்பல ஊஊஉம்னு அடித் தொண்டைக்கு எறங்கி. மிக்ஸி. அழுதுக்கிட்டு இருந்த பொம்பள பாதி அழுகையில. ஃபேனு நெதானமா, நம்பாமக் கொள்ளாம, ரெண்டு சுத்து, ஒரு சுத்து, ரெக்கை மூணும் தனித்தனியாத் தெரிஞ்சுது. வெளிய அந்த உர்ர்ர், இத்தனை நாளும் இவன் சட்டை பண்ணாத அந்த நாய் உறுமல், அது நிக்கறப்பத்தான் அது இருந்ததே இவனுக்கு ஒறைச்சுது. டிரான்ஸ்பார்மரு வாய மூடிக்கிச்சு. தெருவுல ஒரு சைக்கிள் பெல்லு. அதுக்கப்பறம் ஊரு கம்முனு ஆயிருச்சு. ராக்கியப்பன் மூச்சப் புடிச்சுக்கிட்டான். மத்தது எல்லாம் வெலகிப் போயி எடம் வுட்டதும், அது வந்து நடு ரூமுல நின்னுது. ஈஈஈஈ. இத்தனை நாளும் கூட்டத்தோட கூட்டமா இருந்தது, இப்ப ஒத்தையா, தெளிவா, யாரு மேலயும் பழி போட முடியாம. நடுங்கல, கொறையல. கரண்ட்டு தேவைப்படாதது. மெஹர் கண்ண மூடியிருந்தா. மூஞ்சி எளகிப்போயிருந்துது, சொமந்துக்கிட்டு வந்த குடத்த எறக்கி வெச்சாப்பல. கண்ணத் தொறந்து, ரெக்கார்டரு ஓடுதேன்னு சத்தமே இல்லாம ஒதட்ட மட்டும் அசைச்சா. போயிருச்சுங்ணா. ஒரு எழுத்துப் பிசகாமப் புரிஞ்சுது இவனுக்கு. எங்க கத்துக்கிட்டன் இதை? யாரும் சொல்லிக் குடுக்கலயே. கட்டை வெரல ஒசத்திக் காட்டுனான். ஆமா, போயிருச்சு.

அவ எந்திரிச்சுப் போயி ரெக்கார்டர நிறுத்துனா, செகப்பு லைட்டு அணைஞ்சுது. ஜன்னலப் பாத்து நின்னாப்பலயே, முதுகக் காட்டிக்கிட்டு, ஒயரச் சுருட்டிக்கிட்டே, என்னமோ சொன்னா. ஈஈஈக்கு அந்தப் பக்கம் இருந்து ஒரு முணுமுணுப்பு வந்துது, வார்த்தை வரல. அவ தோளு ரெண்டும் லேசாக் குலுங்குச்சு. காக்காயப் பத்தித்தான் இருக்கும். ராக்கியப்பன் சிரிச்சான். ஒரு இழைகூடத் தள்ளல, தோளு குலுங்குன அதே நொடியில, கச்சிதமா, இருவது வருசத்துல சிரிச்ச சிரிப்புலயே நல்ல சிரிப்பு.

மெஹர் திரும்புனா. சிரிச்ச மூஞ்சி இல்ல அது.

"சிரிக்கறதுக்கு ஒண்ணும் சொல்லலீங்ணா." ஒயரு கையிலயே இருந்துது. கிட்ட வந்து, எதுக்க ஒக்காந்து, வாய நல்லா அசைச்சு, ஒவ்வொண்ணா எடுத்து வெச்சா. "நின்னுருச்சுங்களான்னு கேட்டன். எனக்கு நின்னுருச்சு. உங்களுக்கு நின்னுருச்சுங்களா?"

சொல்லிப்போடலாம் ஒரு ஜோக்கு. வாயில எப்பவும் நாலஞ்சு இருக்கும், தேடுனான், ஒண்ணக் காணோம். கழுத்துத் தன்னால கொஞ்சம் முன்னால நீண்டுது, கண்ணு தன்னால சுருங்குச்சு.

"மூஞ்சியப் பாத்துப் பேசு சாமி" அப்படின்னான்.

எப்பவும் கைதட்டு வுழுகற எடம். பழக்க தோசம், சொல்லிட்டு ஒரு மூச்சு நிறுத்துனான். மெஹரு அவன் மூஞ்சியப் பாத்துக்கிட்டுத்தான் இருந்தா, மொதல்ல இருந்தே. கரண்ட்டு இல்லாத ரூமுல, ஃபேனு அசையாம, அந்த ஒரு மூச்சுக்குள்ள வந்து வுழுக வேண்டியது வுழுகல. ஈஈஈதான் இருந்துது. அவன் இன்னும் நிறுத்திப் பாத்துக்கிட்டு இருந்தான்.